பிள்ளைகள் கொயர் வளர, முதலில் சுருதியை மாற்றுங்கள்

நம்ம குமரி மாவட்டத்தில் பாட்டுக்குப் பஞ்சம் கிடையாது. சிஎஸ்ஐ (தென்னிந்தியத் திருச்சபை) சபைகளில் நாலு குரல் கொயர், அதாவது கூட்டாகப் பாடும் குழு. கடற்கரை ஊர்களில் பங்குக்கு ஒரு பாடகர் குழு. கோயில் கொடை விழாவுக்கு வில்லுப்பாட்டு, மார்கழியில் பஜனை. இத்தனை இருந்தும், சாதி சமயம் பாராமல் ஊர்ப் பிள்ளைகள் எல்லாரையும் சேர்த்து ஒரு கொயர் தொடங்கினால் அது நிலைத்து நிற்பது அபூர்வமாக இருக்கிறது. டியூஷனையும் செல்போனையும் காரணமாகச் சொல்வார்கள். அவையும் உண்டுதான். ஆனால் முதல் காரணம் சுருதி. பெரியவர்களுக்குத் தோதான சுருதியில் பிள்ளைகளைப் பாட வைக்கிறோம். அவர்கள் கத்துகிறார்கள், தொண்டை கட்டுகிறது, பாட்டும் கேட்க நன்றாக இல்லை, கொஞ்ச நாளில் ஒவ்வொருவராக நின்றுவிடுகிறார்கள். தாங்கள் பாடுவது அழகாக இருக்கிறது என்று தங்கள் காதாலேயே கேட்ட பிள்ளைகள் மழையிலும் வந்து நிற்பார்கள்.

61 கட்டை உள்ள கீபோர்டில் இடமிருந்து மூன்றாவது ‘சி’தான் நடு சி. சுருதியை ஏற்றி இறக்கும் டிரான்ஸ்போஸ் சைபரில் இருக்கட்டும். அந்த நடு சி-யையும் சேர்த்து வலப்பக்கமாக 9 வெள்ளைக் கட்டைகளை எண்ணுங்கள், மேல் ‘டி’யில் வந்து நிற்கும். 7 முதல் 12 வயது வரை உள்ள, பாடிப் பழகாத பிள்ளைகளுக்கு முதல் வருடம் இந்த 9 கட்டைதான் எல்லை. புதுப் பாட்டை எடுத்ததும், ராகம் தாளம் பார்ப்பதற்கு முன்னால், அதில் ஆகக் கீழே வரும் ஸ்வரம் எது, ஆக மேலே வரும் ஸ்வரம் எது என்று குறித்துக்கொள்ளுங்கள். சட்ஜமத்தில் (ஸ) தொடங்கி மேல் ரிஷபம் (ரி) வரை போகிற பாட்டு என்றால் நடு சி-யே சட்ஜமம், அதாவது 1 கட்டை சுருதி. மந்தர பஞ்சமத்துக்கு (கீழ் ப) இறங்கி, மேலே சதுஸ்ருதி தைவதத்தோடு (இரண்டு த-வில் உயர்ந்தது) நின்றுவிடும் பாட்டு என்றால் நடு சி-க்கு மேலே உள்ள ‘எஃப்’ சட்ஜமம், 4 கட்டை. இரண்டும் அந்த 9 கட்டைக்குள் கச்சிதமாக அடங்கும். அதற்கு மேலும் விரிந்த பாட்டை இரண்டாம் வருடத்துக்கு ஒதுக்கி வையுங்கள். நன்றாகப் பழகிய குழு மேல் ‘எஃப்’ வரை சிரமமில்லாமல் போகும்.

பெண்கள் பாடும் 5, 5½ கட்டையைப் பிள்ளைகளுக்கும் அப்படியே வைப்பது இங்கே பரவலான பழக்கம். அந்தச் சட்ஜமம் நடு சி-க்குக் கீழே கிடக்கிறது. பல்லவியில் பிள்ளைகளின் குரல் கிணற்றுக்குள் போய்விடும். சரணத்தில் பாட்டு மேலே ஏறும்போது அந்தக் கனத்த நெஞ்சுக் குரலையே இழுத்துக்கொண்டு போய்க் கத்துவார்கள். அதனால், முடிவு செய்த சுருதியையும் டிரான்ஸ்போஸ் எண்ணையும் பாட்டுத் தாளின் மேல் மூலையில் எழுதிவிட வேண்டும். இல்லாவிட்டால் அடுத்த வாரம் கீபோர்டில் வேறொருவர் உட்காருவார், தன் குரலுக்கு வசதியான இடத்தில் எடுத்துவிடுவார்.

சொல்லிக்கொடுப்பவர் ஆண் என்றால் கூடுதல் கவனம் வேண்டும். அவர் குரல் பிள்ளைகளின் குரலுக்கு ஒரு ஸ்தாயி (ஸ முதல் மேல் ஸ வரை உள்ள தூரம்) கீழே இருக்கும். சின்னப் பிள்ளைகள் அந்த ஆழத்தையே பிடிக்கப் பார்த்து உறுமுவார்கள். கள்ளக்குரலில், அதாவது ஆண்கள் குரலை மெலிதாக்கிப் பாடும் விதத்தில், மேலே பாடிக் காட்டலாம், அல்லது ஸ்வரம் சுத்தமாகப் பிடிக்கிற ஒரு பிள்ளையைப் பாடச் சொல்லி மற்றவர்களைத் திருப்பிப் பாட வைக்கலாம். இரண்டாவது வழியில் பலன் சீக்கிரம் தெரியும்.

எந்தக் குழுவிலும் ஒரே ஸ்வரத்தில் முனகுகிற பிள்ளை ஒன்றிரண்டு இருக்கும். ‘நீ வாயை மட்டும் அசை மக்களே’ என்று சொல்லிவிடுவது எளிது. தயவுசெய்து சொல்லாதீர்கள். அந்தப் பிள்ளை அதற்குப் பிறகு வாழ்நாள் முழுக்கப் பாடாமலே இருந்துவிடக்கூடும். காதில் குறை இருப்பது அரிது, மேல்குரலை இன்னும் கண்டுபிடிக்கவில்லை, அவ்வளவுதான். வகுப்பு முடிந்ததும் ஐந்து நிமிடம் தனியாக நிறுத்திக்கொள்ளுங்கள். முதலில் பிள்ளை தன் இஷ்டத்துக்கு ஏதாவது ஒரு ஸ்வரத்தை ‘ஊ’ என்று பிடிக்கட்டும். நீங்கள் அதே ஸ்வரத்துக்குப் போய்ச் சேர்ந்துகொள்ளுங்கள். இரண்டு குரலும் ஒட்டும்போது வரும் அந்த அதிர்வைப் பிள்ளை உணர வேண்டும், அதற்காக நாலைந்து முறை செய்யுங்கள். பிறகு நீங்கள் அரைக் கட்டை (கறுப்பையும் சேர்த்து எண்ணினால் அடுத்த கட்டை) மேலே நகருங்கள், பிள்ளை கூட வரும். வராவிட்டால் மறுபடி பிள்ளை இருக்கும் இடத்துக்கே போங்கள். அடுத்து ஆம்புலன்ஸ் சைரன் மாதிரி ‘ஊ’வைக் கீழிருந்து மேலே வழுக்கிக்கொண்டு போய் இறக்கச் சொல்லுங்கள். அந்த விளையாட்டில்தான் மேல்குரல் தானாகத் திறக்கும். பெரும்பாலான பிள்ளைகள் சில மாதங்களில் மற்றவர்களோடு ஒட்டிவிடுவார்கள். அதுவரை ஸ்வரம் உறுதியான இரண்டு பேருக்கு நடுவில் நிற்கட்டும்.

வாரம் இரண்டு நாள், ஒவ்வொரு நாளும் 75 நிமிடம் போதும். முதல் 10 நிமிடம் குரல் பழக்கம். தோளைத் தூக்காமல் மூச்சு இழுத்து, ‘ஸ்ஸ்ஸ்’ என்று எட்டு எண்ணும் வரை சீராக விடுதல். உதட்டைத் துடிக்கவிட்டு ‘ப்ர்ர்ர்’. அதன்பின் ‘ஊ’வில் ப ம க ரி ஸ என்று மேலிருந்து கீழே இறங்குதல், ஒவ்வொரு முறையும் அரைக் கட்டை உயர்த்தி. ஸ ரி க ம ப என்று ஏற்றித் தொடங்கக்கூடாது. கீழிருந்து ஏறினால் நெஞ்சுக் குரலைத் தூக்கிக்கொண்டே மேலே போவார்கள். மேலிருந்து இறங்கினால் மென்மையான மேல்குரல் கீழ் ஸ்வரங்களுக்கும் வந்து சேரும். அடுத்த 40 நிமிடம் புதுப் பாட்டும் அரைகுறையாக இருக்கிற பாட்டும். மீதி நேரம் தெரிந்த பாட்டு. முடிக்கும்போது பிள்ளைகளுக்கு நன்றாக வருகிற பாட்டைத்தான் பாடி முடிக்க வேண்டும்.

நாளும் இடமும் பார்த்து எடுக்கணும். ஞாயிறு காலை வேண்டவே வேண்டாம். மறைக்கல்வி, ஓய்வுநாள் பள்ளி, சமய வகுப்பு எல்லாம் அன்றுதான். சனிக்கிழமை மாலை 4 மணியும், வாரநடுவில் ஒரு நாள் மாலையும் ஒத்துவரும். இருட்டுவதற்கு முன் முடிய வேண்டும். அப்பா வெளிநாட்டிலோ கடலிலோ இருக்கிற வீடுகள் நிறைய. கூட்டிப்போக வருவது அம்மாவோ பாட்டியோதான். இடம் ஆலய வளாகத்திலோ கோயில் மண்டபத்திலோ இருந்தால் மற்ற வீட்டுப் பிள்ளைகள் கொஞ்சம் கொஞ்சமாக நின்றுவிடுவார்கள். படிப்பகம், அரசுப் பள்ளி வகுப்பறை, சமுதாய நலக்கூடம் நல்லது. கூரை கான்கிரீட்டாக இருக்கட்டும். நமக்கு ஜூனிலும் மழை, அக்டோபரிலும் மழை. தகரக் கூரையில் மழை இரைந்தால் அதை மிஞ்சிக் கத்தி, வருடம் முழுக்கப் பழகியதைப் பிள்ளைகள் ஒரே மாலையில் விட்டுவிடுவார்கள். மழை வலுத்தால் அன்றைக்குப் பாட்டை நிறுத்தி, வரிகளைத் தாளம் போட்டுப் பேசிப் பழகலாம்.

பாட்டுத் தேர்வில் உள்ளூர்ச் சரக்கே தாராளமாக இருக்கிறது. 6 முதல் 8 வயதுக்காரர்களுக்கு வில்லுப்பாட்டு பாணி அருமையாகப் பொருந்தும். புலவர் ஒரு வரி பாட, பக்கப்பாட்டுக்காரர்கள் வாங்கிப் பாடுவது போலத் தலைவர் ஒரு வரி, குழு ஒரு வரி. உடுக்கைக்கும் குடத்துக்கும் இரண்டு பிள்ளைகளை உட்கார்த்திவிட்டால் தாளமும் நிற்கும். தேரூரில் பிறந்த கவிமணி தேசிக விநாயகம் பிள்ளையின் குழந்தைப் பாடல்கள் சின்னச் சின்ன வரிகள், எளிய சந்தம். மெட்டமைத்துப் பாட வைக்க அதைவிடத் தோதானது இல்லை. சினிமாப் பாட்டை முழுவதும் விலக்க வேண்டியதில்லை, ஆனால் கரோக்கி டிராக்கோடு பாட வைக்காதீர்கள். அதன் சுருதி வேறொருவருடையது, பிள்ளைகளுக்கு ஏற்ப வேகமும் மாறாது, பிள்ளைகள் ஒருவரை ஒருவர் கேட்கவும் விடாது.

ஒரே குரலில் நாலு பாட்டு சுத்தமாக வந்தபின் இரண்டு குரலுக்குப் போகலாம். சபைக் கொயரில் பாடியவர்கள் நேரே ஆல்டோ (முதன்மைக் குரலுக்குக் கீழே வரும் இரண்டாம் குரல்) கற்றுக்கொடுக்கப் பார்ப்பார்கள். அதற்கு முன்னால் மோகனத்தில் ஒரு பாட்டை எடுங்கள். ஸ, ரி, க, ப, த என்ற அந்த ஐந்து ஸ்வரத்தில் எந்த இரண்டும் அரைக் கட்டை இடைவெளியில் இல்லை. ஆகவே எதன் மேல் எது விழுந்தாலும் காதைக் குத்தாது. ஆதி தாளத்தில் ஒரு குழு தொடங்கி, ஒரு ஆவர்த்தனம் கழித்து, அதாவது 8 எண்ணிக்கை கழித்து, இரண்டாம் குழு அதே பாட்டை முதலிலிருந்து எடுக்கும். இங்கே வழக்கமாக நடக்கிற தவறு, இரண்டாம் குழு முதல் குழுவின் வரிக்குத் தாவிவிடுவது. அதற்குக் காதைப் பொத்திக்கொள்ளச் சொல்வார்கள், அது கூடாது. இரண்டு குழுவும் அறையின் இரண்டு மூலைகளில் தனித்தனி வட்டமாக, உள்நோக்கி நிற்கட்டும். பத்துப் பதினைந்து நாளில் வட்டங்களை ஓரோர் அடியாக நெருக்குங்கள். அது நின்றபின் மூன்றாவதாக ஸ–ப மட்டும் ‘ஊ’ என்று பிடித்து நிற்கிற ஆதார சுருதி வரி. இவ்வளவுக்குப் பிறகு ஆல்டோ கற்பது பிள்ளைகளுக்குக் கஷ்டமே இல்லை. மாயாமாளவகௌளையில் இதைச் செய்தால் ஸ-வும் சுத்த ரி-யும் மோதிக்கொண்டே இருக்கும், பிள்ளைகள் தங்கள் மேலேயே சந்தேகப்படுவார்கள்.

கமகமும், அதாவது ஸ்வரத்தை அசைத்துப் பாடுவதும், முன்கூட்டியே முடிவாக வேண்டும். 25 பேர் 25 விதமாக அசைத்தால் ஸ்வரமே கலங்கிப்போகும். ஒரு வரிக்கு ஒரே ஒரு அசைவு, அதுவும் எல்லாருக்கும் ஒன்றுபோல. சொல்லின் முடிவும் அப்படித்தான். ‘மலை’ என்று நீட்டும்போது அகரத்தைப் பிடித்து நின்று கடைசி நொடியில் ‘ய்’யை மூட வேண்டும். ‘வானம்’ என்றால் ‘ம்’ எந்த எண்ணிக்கையில் விழ வேண்டும் என்று பென்சிலால் குறிக்க வேண்டும். மூச்சு எடுக்கிற இடத்தில் ஒரு டிக். வேகம் ஓடுகிறது என்றால் பெரும்பாலும் மூச்சு போதவில்லை என்றே அர்த்தம். தாளத்தை ஓங்கித் தட்டுவதால் அது சரியாகாது.

முதல் இரண்டு மாதம் மேடையே வேண்டாம். அதன்பின் பெற்றோர்களை மட்டும் கூப்பிட்டு 15 நிமிடம். ஊர்த் திருவிழா மேடை அதற்குப் பிறகுதான், அதுவும் இரவு ஏழரைக்கு முன் இடம் கேட்டு வாங்க வேண்டும். நிகழ்ச்சி இழுத்துக்கொண்டே போனால் பிள்ளைகள் தூங்கிவிடுவார்கள். மைக் செட்காரர் இரண்டு கார்ட்லெஸ் மைக்கைக் கையில் கொடுப்பார். அதை வாங்கினால் ஊர் கேட்பது இரண்டு பிள்ளைகளின் குரலை மட்டும்தான். தள்ளி நின்றாலும் குழு முழுவதையும் பிடிக்கும் கண்டென்சர் மைக் இரண்டு கேளுங்கள். அதற்கு மின்சாரம் தர மிக்சரில் 48 வோல்ட் பாண்டம் பவர் இருக்க வேண்டும். முன்வரிசையிலிருந்து மூன்று நாலு அடி தள்ளி, தலைக்கு மேலே இரண்டடி உயரத்தில், பின்வரிசையின் வாயை நோக்கி வையுங்கள். மைக் பிள்ளைகளிடமிருந்து எவ்வளவு தூரமோ அதைப்போல மூன்று மடங்கு தூரம் இரண்டு மைக்குக்கும் இடையில் வேண்டும். நெருங்கினால் ஒரே குரல் இரண்டிலும் முன்பின்னாக விழுந்து சத்தம் மெலிந்து கேட்கும். குழு அவ்வளவு அகலமில்லை என்றால் நடுவில் ஒரு மைக்கே போதும். கீபோர்டின் ஸ்பீக்கரைப் பிள்ளைகளின் முதுகுக்குப் பின்னால் வைத்தால் அதை மிஞ்சப் பார்ப்பார்கள், முன்னால் தாழ்வாக வைக்க வேண்டும்.

12 பேர் இருந்தால் தொடங்கலாம். இரண்டு குரலுக்கு 24 பேர் இருந்தால் நல்லது. 40 தாண்டினால் இன்னொரு ஆள் வேண்டும், அதோடு வயதுவாரியாகப் பிரிக்கவும் வேண்டும். சேர்க்கை ஜூனில் பள்ளி திறந்ததும் ஒரு முறை, பொங்கல் கழிந்து ஒரு முறை. வாரா வாரம் புதுப் பிள்ளைகளை எடுத்தால் பழையவர்கள் முதல் பாட்டிலேயே சுற்றிக்கொண்டிருப்பார்கள். சேர்வதற்குத் தேர்வு வைக்காதீர்கள், ஆனால் ஒவ்வொருவரையும் இரண்டு நிமிடம் தனியாகக் கேட்டு, கீழ் எல்லை மேல் எல்லையை ஒரு அட்டையில் எழுதுங்கள். குழு வளர்ந்ததா என்று பார்க்கத் தலையை எண்ண வேண்டாம். கீபோர்டு இல்லாமல் ஒரு பாட்டை முழுக்கப் பாட வைத்து, கடைசி ஸ்வரத்தைக் கீபோர்டில் தொட்டுப் பாருங்கள். அரைக் கட்டைக்கு மேல் இறங்காமல் வந்து சேர்ந்தால் குழு வளர்ந்திருக்கிறது.

12 முதல் 14 வயதில் பையன்களுக்குக் குரல் உடையும். அந்த நேரத்தில் அவர்களை அனுப்பிவிடுவது பெரிய இழப்பு. ஐந்தாறு ஸ்வரத்துக்குள் அடங்கும் ஒரு கீழ் வரியை அவர்களுக்கென்றே எழுதுங்கள், மாதம் ஒரு முறை எல்லையைச் சோதித்து மாற்றுங்கள். உடையும் குரலை மேலே தள்ளக்கூடாது.

பணக் கணக்கும் பாதுகாப்பும் தொடக்கத்திலேயே எழுத்தில் இருக்கட்டும். சங்கமாகப் பதிய நினைத்தால் 1975-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டப்படி குறைந்தது 7 பேர் வேண்டும். ஒத்திகையில் எப்போதும் இரண்டு பெரியவர்கள், அதில் ஒருவர் பெண். எந்தப் பிள்ளையை யார் கூட்டிப்போகலாம் என்ற பட்டியல் வாசலில் இருக்க வேண்டும். வீட்டாரின் சம்மதம் இல்லாமல் எந்தப் பிள்ளையின் வீடியோவும் வாட்ஸ்அப்பில் போகக்கூடாது.

பக்கத்து ஊரிலிருந்தும் கேட்பார்கள். 15 வயது தாண்டிய மூன்று பேராவது குரல் பழக்கத்தைத் தாங்களே நடத்தத் தெரிந்தபின்தான் இரண்டாவது குழு. அதற்கு முன் போனால் சொல்லிக்கொடுப்பவர் இரண்டு ஊருக்கும் அலைந்து இரண்டையும் விட்டுவிடுவார். தொடங்கும்போது மூன்று பாட்டை இரண்டு ஊருக்கும் பொதுவாக வையுங்கள். அதே சுருதி, அதே டிரான்ஸ்போஸ் எண், அதே மூச்சுக் குறி. அப்படி இருந்தால் ஒரே ஒரு ஒத்திகையில் இரண்டு ஊர்ப் பிள்ளைகளும் ஒன்றாக மேடை ஏறிவிடலாம்.