எம்டனில் பிழைத்தவர்கள்

சேலம், 22 செப்டம்பர் 2024

1914-இல் இதே நாள் இரவில்தான் ஜெர்மானியப் போர்க்கப்பலான எம்டன் சென்னைக் கரையை நெருங்கி, பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டு எரியவிட்டது. கடலையே பார்த்திராத என் அம்மாயி, சுவரேறிக் குதித்து மாங்காய் பறித்து வரும் என்னை, “சரியான எம்டன்டா நீ” என்றுதான் வைவார். அது ஒரு கப்பலின் பெயரென்று அவருக்குத் தெரியுமா என நான் கேட்டதில்லை, கேட்டிருக்க வேண்டும். போலிப் புகைபோக்கி ஒன்றைப் பொருத்திக்கொண்டு பினாங்குத் துறைமுகத்துக்குள் நுழைந்த கப்பலுக்கு, எதற்கும் துணிந்த தந்திரக்காரன் என்ற அந்தப் பொருள் தகும் என்றாலும், அதில் இருந்த மனிதர்களைப் பற்றி அந்தச் சொல்லில் ஒன்றுமில்லை.

ஏற்காடு, 9 நவம்பர்

காலையிலிருந்து பனிமூட்டம் விலகாததால், அக்கா வீட்டுத் திண்ணையிலேயே அமர்ந்து எம்டனின் கடைசி நாளைப் படித்தேன். இந்தியப் பெருங்கடலின் கொக்கோஸ் தீவுகளருகே, தன்னைவிடப் பெரிய பீரங்கிகளைக் கொண்ட ஆஸ்திரேலியக் கப்பல் சிட்னியிடம் சிக்கி, தப்ப வழியில்லை என்றானபோது, தலைவர் கார்ல் ஃபான் முல்லர் கப்பலை வடக்கு கீலிங் தீவின் பவளப்பாறையில் ஏற்றினார். நூற்றுமுப்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். எஞ்சியவர்களை மறுநாள்தான் சிட்னி ஏற்றிக்கொண்டது. அதுவரை காயம்பட்டவர்கள், சுற்றிலும் கடல் இருக்கக் குடிக்கத் தண்ணீரின்றி, எரிந்துபோன இரும்புத் தளத்தில் கிடந்தார்கள். இந்தப் பகுதியை மூன்று முறை படித்தேன். கைதான முல்லர் பின்னர் மால்டாவில் சிறைவைக்கப்பட்டார்.

சேலம், 27 நவம்பர்

அந்தச் சண்டைக்கு முன்பே, கொக்கோஸ் தீவுகளில் இருந்த தந்தி நிலையத்தைத் தகர்க்க, எம்டனின் அதிகாரி ஃபான் மியூக்கே தலைமையில் கரையிறங்கியிருந்த சுமார் ஐம்பது பேர், தம் கப்பல் தம்மை விட்டுச் சண்டைக்குப் போவதைக் கரையிலிருந்தே பார்த்தவர்கள். அங்கு நங்கூரமிட்டிருந்த ஆயிஷா என்ற பழைய பாய்மரக் கப்பலை எடுத்துக்கொண்டு, அன்று மாலையே புறப்பட்டு, நவம்பர் 27 அன்று சுமத்திராவின் பாடாங்கை அடைந்தார்கள். ஒரு சிறு கூட்டத்துக்கென்று கட்டிய அந்தக் கப்பலில் ஐம்பது பேர் படுத்தெழுந்ததும், மழைநீரைப் பிடித்துக் குடித்ததும் எனக்குப் போரைவிடப் பெரிதாகத் தெரிகின்றன. டிசம்பரில் வேறொரு ஜெர்மானியக் கப்பலுக்கு மாறும்போது ஆயிஷாவைத் தாமே மூழ்கடித்துவிட்டு, ஏமன் கரையில் இறங்கி, அரேபியா வழியாகச் சென்று, 1915 மே மாதம் கான்ஸ்டான்டிநோபிளை அடைந்தார்கள். வழியில் சிலர் இறந்தனர்.

அக்கா மகனுக்கு இன்று இதைச் சொன்னேன். ஆயிஷா மூழ்கியதைத்தான் அவன் திரும்பத் திரும்பக் கேட்டான்.