நெருக்கம் குறைக்காத காடு

2 மீட்டர் இடைவெளியில் நட்டால் ஹெக்டேருக்கு 2,500 மரங்கள். கிளைகள் ஒன்றோடொன்று முட்டியதும் அத்தனையும் உயரத்துக்குப் போட்டி போடும், தண்டு பருக்காது.

அதனால் சில மரங்களை வெட்டி நெருக்கத்தைக் குறைக்க வேண்டும். வெட்டுவதற்கு முன் அளக்க வேண்டும். 5.64 மீட்டர் கயிற்றின் ஒரு முனையை நடுவில் ஊன்றி, மறுமுனையைப் பிடித்துச் சுற்றிவந்தால் 100 சதுர மீட்டர் வட்டம் கிடைக்கும். உள்ளே இருக்கும் மரங்களை எண்ணி நூறால் பெருக்கினால் ஹெக்டேர் கணக்கு. சரிவில் கயிறைத் தரையோடு படுக்கவிடாமல் கிடைமட்டமாகப் பிடிக்கணும். இல்லாவிட்டால் வட்டம் சுருங்கிவிடும். இப்படிப் பல இடங்களில் எடுத்துச் சராசரி பாருங்கள்.

அடுத்து மார்பளவு உயரத்தில், அதாவது 1.3 மீட்டரில், விட்டம். மர உயரத்தை விட்டத்தால் வகுங்கள், இரண்டும் ஒரே அலகில் இருக்கணும். 18 மீட்டர் மரம் 15 செ.மீ. விட்டம் என்றால் 120. ஊசியிலை மரங்களில் 80-க்குள் இருந்தால் காற்றைத் தாங்கும். நூறைத் தாண்டினால் ஆபத்து. அப்படிப்பட்ட தோப்பில் ஒரே மூச்சில் பாதியை வெட்டினால், அதுவரை பக்கத்து மரத்தின் தயவில் நின்றவை அடுத்த புயலில் சாயும். கொஞ்சம் கொஞ்சமாக, சில வருட இடைவெளியில் எடுப்பதே சரி.

எதை வெட்டுவது என்பதை விட எதை நிறுத்துவது என்று முதலில் குறியிடுங்கள். நல்ல விலை போகிறதென்று பருத்த மரத்தை எடுத்து நோஞ்சானை விட்டுவைப்பது பராமரிப்பு இல்லை, அறுவடை. வெட்டிய மரத்தை இழுத்துச் செல்லும்போது, நிற்கிற மரத்தின் அடிப்பட்டை உரிந்தால், அந்தக் காயம் வழியாகத்தான் பூஞ்சை நுழையும்.