இருபது வெற்றிகள்: பேஸ்பால் பிட்சர்களிடமிருந்து நழுவிப்போன ஓர் எண்

2024ஆம் ஆண்டின் அமெரிக்க மேஜர் லீக் பேஸ்பால் பருவத்தில் எந்த பிட்சரும், அதாவது பந்தெறிபவரும், 20 வெற்றிகளை எட்டவில்லை. டெட்ராய்ட் டைகர்ஸ் அணியின் தாரிக் ஸ்கூபலும் அட்லாண்டா பிரேவ்ஸ் அணியின் கிறிஸ் சேலும் தலா 18 வெற்றிகளுடன் முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டார்கள். 2025இல் நியூயார்க் யாங்கீஸ் அணியின் மேக்ஸ் ஃபிரீட் 19 வரை வந்து நின்றுவிட்டார். 162 ஆட்டங்கள் கொண்ட பருவம் முழுமையாக ஆடப்பட்டும், அடுத்தடுத்த இரண்டு ஆண்டுகளில் ஒருவர்கூட அந்த எண்ணைத் தொடாமல் போனது இதுவே முதல் முறை.

இதற்கு முன்பும் வெறும் ஆண்டுகள் உண்டு. ஆனால் 1981, 1994, 1995 ஆகிய ஆண்டுகளில் வீரர்களின் வேலைநிறுத்தம் பருவத்தைச் சுருக்கியது. 2020இல் கொள்ளைநோய் அதை 60 ஆட்டங்களாகக் குறைத்தது. அத்தகைய காரணம் எதுவுமின்றி, முழுப் பருவமும் நடந்தும் ஒருவரும் 20ஐ எட்டாத முதல் ஆண்டு 2006. பிறகு 2009, 2017, இப்போது தொடர்ச்சியாக இரண்டு ஆண்டுகள். இடையில் 2021, 2022, 2023 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் ஆண்டுக்கு ஒரே ஒருவர்தான் அந்த வரிசையில் சேர்ந்தார்.

பேஸ்பாலை அதிகம் பார்க்காத வாசகர்களுக்காக ஒரு விளக்கம். ஒவ்வொரு ஆட்டத்தின் வெற்றியும் வென்ற அணியின் ஒரு பிட்சர் பெயரில் பதிவாகும். ஆட்டத்தைத் தொடங்கும் பிட்சர் அதைப் பெற வேண்டுமானால், வழக்கமான ஒன்பது இன்னிங்ஸ் (இரு அணிகளும் தலா ஒருமுறை மட்டை பிடிக்கும் சுற்று ஓர் இன்னிங்ஸ்) ஆட்டத்தில் அவர் குறைந்தது ஐந்து இன்னிங்ஸ் பந்தெறிந்திருக்க வேண்டும். அவர் வெளியேறும்போது அவருடைய அணி முன்னிலையில் இருக்க வேண்டும். அந்த முன்னிலை இறுதிவரை ஒருமுறைகூட பறிபோகாமல் இருக்கவும் வேண்டும். அவருக்குப் பின் வரும் மாற்று பிட்சர் முன்னிலையைக் கோட்டைவிட்டு, அணி மீண்டும் முன்னேறி வென்றாலும், தொடங்கியவருக்கு அந்த வெற்றி கிடையாது. விதைத்தவர் ஒருவராகவும் அறுவடையைத் தன் பெயரில் எழுதிக்கொள்பவர் இன்னொருவராகவும் இருக்கும் நிலை இந்த விதியிலேயே இருக்கிறது.

இந்தக் குறை எந்தக் காலத்திலும் இருந்ததுதான். ஆயினும் 1969இல் பதினைந்து பிட்சர்கள் 20 வெற்றிகளை எட்டினார்கள். 1971இல் பால்டிமோர் ஓரியோல்ஸ் என்ற ஒரே அணியில் டேவ் மெக்நாலி 21, மைக் குவேயார், பேட் டாப்சன், ஜிம் பால்மர் ஆகியோர் தலா 20 என நான்கு பேர் அந்த இலக்கை எட்டினார்கள். அந்த அணி அவ்வாண்டு பெற்ற 101 வெற்றிகளில் 81 இந்த நால்வருடையவை. சிகாகோ கப்ஸ் அணியின் ஃபெர்கி ஜென்கின்ஸ் 1967 முதல் 1972 வரை ஆறு ஆண்டுகள் தொடர்ந்து 20ஐ எட்டினார். வாரன் ஸ்பான் தம் வாழ்நாளில் பதின்மூன்று முறை அதைச் செய்தார். நம் காலத்தின் தலைசிறந்த பிட்சர்களான கிளேட்டன் கெர்ஷாவும் ஜஸ்டின் வெர்லாண்டரும் இத்தனை நீண்ட காலம் ஆடியும் ஆளுக்கு இரண்டே முறைதான் 20ஐக் கடந்திருக்கிறார்கள் என்பதை இதன் அருகில் வைத்துப் பார்த்தால் வீழ்ச்சியின் அளவு விளங்கும்.

முதல் காரணம் வெறும் கணக்கு. 1970களின் தொடக்கத்தில் பல அணிகள் நான்கு பிட்சர்களைச் சுழற்சியில் வைத்திருந்தன. ஒருவர் ஒரு பருவத்தில் 38, 40 ஆட்டங்களைத் தொடங்குவது இயல்பாக இருந்தது. 1971இல் டெட்ராய்ட்டின் மிக்கி லோலிச் 45 ஆட்டங்களைத் தொடங்கி, 376 இன்னிங்ஸ் எறிந்து, 25 வெற்றிகள் பெற்றார். இன்று ஐந்து பேர் சுழற்சியில் இருக்கிறார்கள். சில அணிகளில் அவ்வப்போது ஆறாவது ஆளும் சேர்கிறார். உடல்நலத்தோடு பருவம் முழுவதும் ஆடுபவருக்கே 32 அல்லது 33 வாய்ப்புகள்தாம். நாற்பது வாய்ப்புகளில் பாதியை வென்றால் போதும் என்றிருந்த இலக்கு, பத்தில் ஆறு வாய்ப்புகளை வென்றாக வேண்டிய இலக்காக மாறிவிட்டது.

ஆனால் கணக்கு மட்டுமே காரணமாக இருந்திருந்தால் நான் இதைப் பற்றி எழுத உட்கார்ந்திருக்க மாட்டேன். வாய்ப்புகளின் எண்ணிக்கை குறைந்ததைவிட, ஒவ்வொரு வாய்ப்புக்குள்ளும் பிட்சருக்கு எஞ்சியிருக்கும் பங்கு குறைந்ததுதான் பெரிய மாற்றம். இன்று தொடக்க பிட்சர் ஓர் ஆட்டத்தில் சராசரியாக எறிவது ஐந்து இன்னிங்ஸைச் சற்றே தாண்டும். வெற்றிக்கான குறைந்தபட்சத் தகுதியாக விதியில் வைக்கப்பட்ட அளவே வழக்கமான அளவாகிவிட்டது. எஞ்சிய நான்கு இன்னிங்ஸ்களில் மூன்று, நான்கு பேர் மாறி மாறி வருகிறார்கள். அவர்களில் ஒருவர் சறுக்கினாலும் தொடங்கியவரின் வெற்றி அழிந்துவிடும். 2024ஆம் பருவம் முழுவதிலும் 200 இன்னிங்ஸை எட்டியவர்கள் நான்கே பேர்.

இதன் பின்னால் இருக்கும் தர்க்கத்தை நான் மறுக்கவில்லை. ஒன்பது பேர் கொண்ட மட்டையாளர் வரிசை ஒரே பிட்சரை மூன்றாவது முறையாகச் சந்திக்கும்போது, முதல் முறையைவிடத் தெளிவாகக் கூடுதல் வெற்றி காண்கிறது. அவருடைய பந்துகளின் போக்கு அதற்குள் அவர்களுக்குப் பழகிவிடுகிறது, அவரும் களைத்திருக்கிறார். அந்த மூன்றாவது சுற்று பெரும்பாலும் ஐந்தாவது, ஆறாவது இன்னிங்ஸில் தொடங்குகிறது. அந்த நேரத்தில், ஒரே ஓர் இன்னிங்ஸுக்காக முழு வலுவையும் சேமித்து வைத்திருக்கும் புதிய பிட்சரைக் கொண்டுவந்தால் எதிரணி எடுக்கும் ஓட்டங்கள் குறையும். ஒரு பருவத்தின் 162 ஆட்டங்களையும் சேர்த்துப் பார்த்தால் இந்த முடிவு சரியே.

ஓர் ஆட்டத்தில் அது எப்படித் தோற்றமளிக்கும் என்பதற்கு 2020 உலகத் தொடரின், அதாவது கோப்பைக்கான இறுதித் தொடரின், ஆறாவது ஆட்டத்தைவிடக் கூர்மையான சான்று எனக்குத் தெரியவில்லை. டேம்பா பே ரேஸ் அணியின் பிளேக் ஸ்னெல், லாஸ் ஏஞ்சலிஸ் டாட்ஜர்ஸுக்கு எதிராக ஐந்து இன்னிங்ஸைத் தாண்டிய வேளையில் ஒன்பது பேரை ஸ்ட்ரைக் அவுட் (மூன்று ஸ்ட்ரைக்குகளில் ஆட்டமிழக்க) செய்திருந்தார். மட்டையாளர் அடித்துவிட்டுத் தளத்தை எட்டும் ஹிட்கள் இரண்டே இரண்டுதாம் கொடுத்திருந்தார். 73 பந்துகள்தாம் எறிந்திருந்தார். அணி 1-0 என்று முன்னிலையில் இருந்தது. இரண்டாவது ஹிட் விழுந்ததும் மேலாளர் கெவின் கேஷ் களத்துக்கு நடந்து வந்து அவரை வெளியே அழைத்தார். அடுத்து வரவிருந்தவர் மூக்கி பெட்ஸ். மூன்றாவது சுற்று தொடங்கவிருந்தது. மாற்றாக வந்த நிக் ஆண்டர்சனின் பந்தில் பெட்ஸ் இரண்டாம் தளம்வரை ஓடவைக்கும் ‘இரட்டை’ அடித்தார். அந்த இன்னிங்ஸ் முடிவதற்குள் டாட்ஜர்ஸ் முன்னிலை பெற்றுவிட்டது. 3-1 என்று வென்று கோப்பையையும் எடுத்துக்கொண்டது. கேஷ் செய்தது அந்த அணி ஆண்டு முழுவதும் கடைப்பிடித்த முறைதான். அந்த முறைதான் அவர்களை உலகத் தொடர்வரை கொண்டுவந்தது. ஆனாலும் அன்றிரவு களத்தில் இருந்த அனைவரிலும் மிகச் சிறப்பாக ஆடிக்கொண்டிருந்தவரை, அவர் செய்த தவறுக்காக இல்லாமல், இனிச் செய்யக்கூடும் என்ற தவறுக்காக வெளியேற்றினார்கள். என்னால் அதை இன்றுவரை ஏற்க முடியவில்லை.

அதே ஸ்னெல் 2018இல் 21 வெற்றிகள் பெற்றவர். அந்த ஆண்டு அவர் 31 ஆட்டங்களைத் தொடங்கி எறிந்தது 180 இன்னிங்ஸுக்குச் சற்று மேல். ஓர் ஆட்டத்துக்கு ஆறு இன்னிங்ஸ்கூட வராது. 2023இல் 20 வெற்றிகள் பெற்ற அட்லாண்டாவின் ஸ்பென்சர் ஸ்ட்ரைடரின் ஈ.ஆர்.ஏ., அதாவது களத்தடுப்புப் பிழைகளால் வந்தவை நீங்கலாக ஒன்பது இன்னிங்ஸுக்கு அவர் சராசரியாக விட்டுக்கொடுத்த ஓட்டங்கள், 3.86. அவர் 281 ஸ்ட்ரைக் அவுட்கள் எடுத்த அபாரமான பிட்சர் என்பதில் ஐயமில்லை. ஆனால் 307 ஹோம் ரன்கள் அடித்து 104 ஆட்டங்களை வென்ற அணி அவருக்குப் பின்னால் இருந்தது. இன்றைய காலத்தில் 20ஐ எட்ட, பிட்சரின் திறமையோடு அப்படிப்பட்ட மட்டை வலுவும், கைவிடாத மாற்று பிட்சர்களும் சேர்ந்தாக வேண்டும்.

இதற்கு நேர் எதிரான ஒரு பருவத்தைத்தான் பேஸ்பால் வரலாற்றில் நான் மிகவும் நேசிக்கிறேன். 1972இல் ஃபிலடெல்ஃபியா ஃபில்லீஸ் மிக மோசமான அணி. 59 ஆட்டங்களில் வென்று 97இல் தோற்றது. அந்த 59இல் 27 வெற்றிகள் ஸ்டீவ் கார்ல்ட்டன் என்ற ஒருவருடையவை. அவர் 41 ஆட்டங்களைத் தொடங்கி, அவற்றில் 30ஐத் தாமே முடித்தார்; 346 இன்னிங்ஸ் எறிந்து, 310 ஸ்ட்ரைக் அவுட்கள் எடுத்து, 1.97 என்ற ஈ.ஆர்.ஏ.வுடன் பருவத்தை நிறைவு செய்தார். இடையில் தொடர்ந்து 15 வெற்றிகள். தோற்பதையே வழக்கமாகக் கொண்ட ஓர் அணி, நான்கைந்து நாட்களுக்கு ஒருமுறை மட்டும் முற்றிலும் வேறோர் அணியாக மாறியிருக்கிறது. வெற்றி என்பது அணியின் வலுவைக் காட்டும் எண்ணே தவிர பிட்சரின் திறமையைக் காட்டாது என்று சொல்பவர்களிடம் நான் இந்த ஆண்டைத்தான் எடுத்துக் காட்டுவேன். ஆட்டத்தைத் தொடங்குபவரே முடிக்கவும் செய்தால், அந்த எண் அவருடையதாகவே ஆகிறது.

1963 ஜூலை 2 அன்று சான் ஃபிரான்சிஸ்கோவின் கேண்டில்ஸ்டிக் பார்க்கில் ஜயன்ட்ஸ் அணியின் ஹுவான் மரிச்சாலும் மில்வாக்கி பிரேவ்ஸ் அணியின் வாரன் ஸ்பானும் மோதியது இன்னொரு உதாரணம். பதினைந்து இன்னிங்ஸ் முடிந்தும் ஓட்டமே இல்லை. இருவரில் எவரும் வெளியேறவும் இல்லை. பதினாறாவது இன்னிங்ஸில் வில்லி மேஸ் அடித்த ஹோம் ரன்னால் ஜயன்ட்ஸ் 1-0 என்று வென்றது. ஸ்பானுக்கு அப்போது வயது 42. அவர் 200 பந்துகளுக்கு மேல் எறிந்திருந்தார், மரிச்சாலும் அப்படியே. அந்தப் பருவத்தில் மரிச்சால் 25 வெற்றிகளும் ஸ்பான் 23 வெற்றிகளும் பெற்றார்கள்.

இத்தகைய ஆட்டங்களைப் புகழும்போது அவற்றுக்குக் கொடுக்கப்பட்ட விலையையும் சொல்லியாக வேண்டும். 1968இல் 31 வெற்றிகள் பெற்ற டெட்ராய்ட்டின் டென்னி மெக்லெய்ன்தான் இதுவரை 30ஐத் தொட்ட கடைசி மனிதர். அவ்வாண்டு 336 இன்னிங்ஸ் எறிந்த அவருடைய மேஜர் லீக் வாழ்க்கை நான்கே ஆண்டுகளில், 28 வயதில், முடிந்துபோனது. அதற்குக் களத்துக்கு வெளியேயான காரணங்களும் உண்டு என்றாலும், அவருடைய கையும் அதற்குள் ஓய்ந்திருந்தது. சாண்டி கூஃபாக்ஸ் 1966இல் 27 வெற்றிகள் பெற்ற கையோடு, முழங்கை மூட்டு நோயால், 30 வயதில் ஓய்வை அறிவித்தார். பழைய காலத்தின் பட்டியலில் நம் கண்ணுக்குப் படுபவர்கள் தாக்குப்பிடித்தவர்கள் மட்டுமே.

அப்படியென்றால் இன்னிங்ஸைக் குறைத்ததால் கைகள் காப்பாற்றப்பட்டனவா? இல்லை என்பதுதான் வேதனை. குறைவாக எறியச் சொல்லப்பட்டவர்கள், எறியும் ஒவ்வொரு பந்தையும் உச்ச வலுவுடன் எறியப் பழக்கப்பட்டார்கள். 2008இல் மணிக்கு ஏறத்தாழ 92 மைலாக இருந்த நேர்வேகப் பந்தின் சராசரி இன்று 94 மைலைத் தாண்டிவிட்டது. முழங்கைத் தசைநார் அறுவைச் சிகிச்சைகள் பெருகியிருக்கின்றன. 2022இன் ஒரே 20 வெற்றியாளரான கைல் ரைட், தோள்பட்டை அறுவைச் சிகிச்சையால் 2024ஆம் பருவம் முழுவதையும் இழந்தார். 2023இன் ஸ்ட்ரைடர் 2024 ஏப்ரலில் முழங்கை அறுவைச் சிகிச்சை செய்துகொண்டார். முழங்கைத் தசைநாரைப் புனரமைக்கும் அறுவைச் சிகிச்சைக்குப் பெயர் தந்தவர் டாமி ஜான் என்ற பிட்சர். 1974இல் மருத்துவர் ஃபிராங்க் ஜோப் அவருக்கு அதை முதன்முதலில் செய்தார். அதற்கு முன் ஒருமுறைகூட 20 வெற்றிகளை எட்டாத டாமி ஜான், சிகிச்சைக்குப் பிறகு 1977, 1979, 1980 என்று மூன்று முறை எட்டினார். அவர் வேகத்தை நம்பியவர் அல்லர். தாழ்ந்து இறங்கும் பந்துகளால் மட்டையாளர்களைத் தரையில் அடிக்கவைத்து, பந்துகளை மிச்சம் பிடித்தவர். இன்று அப்படி ஓர் இளைஞன் வந்தால், அவனை எந்த அணியின் தேர்வாளரும் திரும்பிப் பார்ப்பாரா என்று எனக்கு ஐயம் உண்டு.

விருதுகளைப் பொறுத்தவரை மாற்றம் நல்லதே. 1990இல் ஓக்லண்டின் பாப் வெல்ச் 27 வெற்றிகளுக்காக, ஆண்டின் சிறந்த பிட்சருக்கான சை யங் விருதைப் பெற்றார், 1.93 என்ற ஈ.ஆர்.ஏ.வுடன் 21 வெற்றிகள் பெற்ற ராஜர் கிளெமென்ஸுக்கு அது கிடைத்திருக்க வேண்டும் என்பது என் கருத்து. 2010இல் ஃபெலிக்ஸ் ஹெர்னாண்டஸ் 13 வெற்றிகளுடனும், 2018இல் ஜேக்கப் டிக்ராம் 10 வெற்றிகளுடனும், 2025இல் பால் ஸ்கீன்ஸ் 10 வெற்றிகள், 10 தோல்விகளுடனும் அதே விருதைப் பெற்றார்கள். மூவருக்கும் அது முற்றிலும் நியாயம். டிக்ராமின் ஈ.ஆர்.ஏ. 1.70 ஆக இருந்தது. அவருடைய மெட்ஸ் அணி அவருக்காக ஓட்டங்கள் எடுக்கத் தவறியதற்கு அவர் பொறுப்பாக முடியாது.

ஆனால் வெற்றியை அளவுகோலாகக் கைவிடுவது ஒன்று, பிட்சரிடமிருந்து எட்டாவது, ஒன்பதாவது இன்னிங்ஸைப் பறிப்பது வேறொன்று. முதலாவது அறிவுத் தெளிவு. இரண்டாவதால் ஆட்டம் தன் நாயகனை இழந்திருக்கிறது. இதை மேலாளர்களின் மனமாற்றத்தால் சரிசெய்ய முடியாது, விதிகளால்தான் முடியும். 2022 ஜூன் முதல் 26 பேர் கொண்ட அணியில் 13 பிட்சர்களுக்கு மேல் இருக்கக் கூடாது என்ற வரம்பு நடைமுறையில் இருக்கிறது. அதைப் படிப்படியாக 11 ஆக்கலாம். தொடக்க பிட்சர் வெளியேறினால் அந்த அணி தன் நியமன மட்டையாளரையும் (பிட்சருக்குப் பதிலாக மட்டை பிடிப்பவர்) இழக்க வேண்டும் என்ற விதி 2021இல், மேஜர் லீகுக்கு வெளியே இயங்கும் அட்லாண்டிக் லீகில் சோதித்துப் பார்க்கப்பட்டது. மேஜர் லீகும் அதைத் துணிந்து எடுத்துக்கொள்ளலாம். மாற்று பிட்சர்கள் குறைந்தால், தொடங்குபவர் ஏழு இன்னிங்ஸுக்குத் தன் வலுவைப் பங்கிட்டு எறிந்தே ஆக வேண்டும். ஒவ்வொரு பந்திலும் முழங்கையைப் பணயம் வைக்கும் பழக்கமும் அப்போது தளரக்கூடும். ஸ்கூபலுக்கும் ஸ்கீன்ஸுக்கும் அதற்கான கையும் இருக்கிறது, வயதும் இருக்கிறது.