ஆர்னிகா மொன்டானா: இரண்டாம் ஆண்டில் இலை பச்சைக்குத் திரும்பியது

மஞ்சள் பூ பூக்கும் இந்த மலைச் செடியின் 9 சட்டிகளில் 6-ல் புது இலை பச்சையாகவே விரிந்திருக்கிறது. போன பருவம் முழுக்க நரம்பு மட்டும் பச்சை, நடுவெல்லாம் எலுமிச்சை மஞ்சள். இரும்புச் சத்து தெளித்தால் இருக்கிற இலை சற்றுத் தேறும், அடுத்தது மறுபடி மஞ்சளாகத்தான் வரும். சட்டி மண் கலவையில் இரும்பு இருந்தது; புளிப்பு குறைந்ததால் வேரால்தான் எடுக்க முடியவில்லை. ஐரோப்பிய மலைப் புல்வெளிகளின் சத்துக் குறைந்த புளிப்பு மண்ணுக்குப் பழகிய செடி இது, சுண்ணாம்பு ஆகவே ஆகாது.

வினை தண்ணீரில் இருந்தது. குழாய் நீரின் பிஹெச் (புளிப்பைக் காட்டும் எண்; 7 நடுநிலை, குறையக் குறையப் புளிப்பு) 7.2 தானே என்று விட்டுவிடக் கூடாது. அதில் கரைந்துள்ள பைகார்பனேட், கலவையின் புளிப்பைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுவிடும். அதனால் அளக்க வேண்டியது வடிநீரை. தண்ணீர் ஊற்றி ஒரு மணி நேரம் கழித்து, காய்ச்சி வடித்த நீர் 100 மி.லி. மேலே விட்டு, அடியில் முதலில் சொட்டும் 50 மி.லி.யைப் பிடித்துப் பார்க்க வேண்டும். மீட்டரை பிஹெச் 4, 7 என்ற இரண்டு அளவுக் கரைசலிலும் சரிசெய்யாவிட்டால் எண்ணை நம்பவே முடியாது. நட்டபோது 4.8 இருந்தது 6.9-க்கு ஏறியிருந்தது!

மணலும் கூட்டுக் களவாணி. ஒரு பிடி மணலில் வினிகர் விட்டதும் சுறுசுறுவென்று நுரைத்தது; சுண்ணாம்பு இருப்பதன் அடையாளம் அது. இப்போது பீட் பாசி (சதுப்பு நிலத்தில் மக்கிய புளிப்பான பாசி) 3 பங்கு, பெர்லைட் (பொரித்த எரிமலைக் கல் மணி) 1, நுரைக்காத சிலிக்கா மணல் 1. ஊற்றுவது மழைநீர் மட்டும். உரம் கிடையாது. தளிர் கிளம்பும் குருத்து மண்ணுக்கு மேலே நிற்க வேண்டும், புதைந்தால் அழுகும். மீதி 3 சட்டியில் அதுதான் நடந்தது.

விதை வாங்குவோர் அறுவடை ஆண்டைக் கேட்டு வாங்குங்கள். முளைப்புத் திறன் சீக்கிரம் போய்விடும். நகத்தால் அழுத்தினால் சப்பென்று மடிவது பொக்கு, விறைப்பாக நிற்பதே விதை. ஆர்னிகா என்ற பெயரில் சாமிசோனிஸ் இனமும் விற்கிறார்கள். அது வளர்க்கச் சுலபம், ஆனால் வேறு செடி. மொன்டானாவின் இலைவட்டம் தரையோடு படிந்திருக்கும்; தண்டில் ஒன்றிரண்டு ஜோடி இலைதான், சாமிசோனிஸில் அடுக்கடுக்காக நிறைய.

தன் மகரந்தத்தில் இது சரியாக விதை பிடிக்காது. ஆறு செடிகளில் குறைந்தது இரண்டு ஒரே வாரத்தில் பூத்தால் தூரிகையால் மாற்றித் தடவலாம். இப்போதைக்கு அவசரம் நத்தைதான்: நேற்று இரவு ஒரு குருத்தை அடியோடு வழித்துவிட்டது. சட்டிகள் இனி தண்ணீர்த் தட்டின் நடுவே, கால் வைத்த பலகை மேல்.