கொலை மேல்முறையீட்டுக் கட்டு: சாட்சியத்தை எடை போடும் குறிப்புகள்

மார்ச் 3, 2025, திங்கள்

மேல்முறையீட்டுக் கட்டு (வழக்கு ஆவணங்களின் தொகுப்பு) வந்ததும் தீர்ப்பைப் புரட்டக் கூடாது. அமர்வு நீதிபதி ஏற்ற கதை மனதில் உட்கார்ந்துவிட்டால், சாட்சியமெல்லாம் அதற்குத் தோதாகவே தெரியும். முதலில் எஃப்ஐஆர், அதிலும் குற்றவியல் நடுவர் (மாஜிஸ்திரேட்) கையொப்பமிட்டுக் குறித்த நேரம். இரவு 9 மணிக்குப் பதிவானதாகச் சொல்லும் அறிக்கை மறுநாள் மாலை 4 மணிக்கு நடுவரிடம் சேர்ந்திருந்தால், அதைக் கொண்டுபோன காவலரை விசாரித்தார்களா என்று பார்க்க வேண்டும். பிரேத விசாரணை அறிக்கையையும் பக்கத்தில் வைக்கவும். அதில் எதிரியின் (குற்றம் சாட்டப்பட்டவரின்) பெயர் இல்லை என்பதாலேயே வழக்கு விழாது. ஆனால் குற்ற எண்ணும் (எஃப்ஐஆரின் பதிவு எண்) இல்லையென்றால், அந்த நேரத்தில் எஃப்ஐஆர் இருந்ததா என்ற சந்தேகம் வலுக்கும்.

துலியா காளி எதிர் தமிழ்நாடு அரசு (1972) வழக்கில் காவல் நிலையம் 2 மைல் தொலைவில்தான் இருந்தது. புகாரோ 20 மணி நேரத்துக்கு மேல் கழித்து வந்தது. உச்ச நீதிமன்றம் விடுதலை செய்தது. காயம்பட்டவரை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடியதால் வந்த தாமதம் வேறு. அதை இதோடு சேர்க்கக் கூடாது.

மார்ச் 4, செவ்வாய்

ஒரே ஒரு கண்கண்ட சாட்சி. போதுமா? போதும். முத்துப்பேட்டை தேநீர்க்கடை முன்பு நடந்த கொலையில் இறந்தவரின் மனைவி சாட்சியத்தை வைத்தே தண்டனை நிலைத்தது. அதுதான் வடிவேலு தேவர் வழக்கு (1957). முழுக்க நம்பத்தக்கவர், முழுக்க நம்பத்தகாதவர், இரண்டுக்கும் நடுவில் நிற்பவர் என்று சாட்சிகளை அத்தீர்ப்பு மூன்றாகப் பிரித்தது. சிக்கல் மூன்றாவது வகையில்தான். அவருக்கு வெளியிலிருந்து ஆதரவு வேண்டும். அவரைப் போலவே தடுமாறும் இன்னொரு உறவினர் அந்த ஆதரவு ஆக மாட்டார்.

இரவுச் சம்பவமென்றால் பார்வை மகஜரையும் (சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதும் குறிப்பு) மாதிரி வரைபடத்தையும் விரித்து வைத்துத் தெருவிளக்கைத் தேடுங்கள். சாட்சி சொல்லும் விளக்கு வரைபடத்தில் இல்லாமலிருப்பது அடிக்கடி நடப்பது. முன்பே பழகிய முகமா, முதல்முறை பார்த்த முகமா என்பதைப் பொறுத்து அந்த விடுபாட்டின் கனம் மாறும்.

மார்ச் 6, வியாழன்

மேல்முறையீட்டில் அதிகம் கைநழுவுவது முரண்பாடுதான். அ.சா.1 (அரசுத் தரப்பின் முதல் சாட்சி) நீதிமன்றத்தில் “கழுத்தில் வெட்டினார்” என்கிறார். போலீஸ் வாக்குமூலத்தில் அது இல்லை. குறுக்கு விசாரணையில் அவரிடம் இதைக் கேட்டால் மட்டும் போதாது. “போலீசிடமும் சொன்னேன்” என்று அவர் சாதித்தால், புலன்விசாரணை அதிகாரி கூண்டேறும்போது, இந்தச் சாட்சி அப்படிச் சொல்லவில்லை என்ற பதிலை வாங்கிப் பதிவு செய்ய வேண்டும். இந்த இரண்டாவது படியை விட்டிருந்தால், உயர் நீதிமன்றத்தில் வாக்குமூலத்தைக் காட்டி வாதிட வழியில்லை. வழக்கின் உயிர்நிலையைத் தொடும் விடுபாடு மட்டுமே முரண்பாடாகும். சட்டையின் நிறத்தைச் சொல்ல மறந்தார் என்று பக்கம் பக்கமாக எழுதுவது நல்ல வாதத்தையும் நீர்த்துப்போகச் செய்யும்.

மார்ச் 7, வெள்ளி

பிறழ் சாட்சியின் (தன்னை அழைத்த தரப்புக்கு எதிராகத் திரும்பியவரின்) சாட்சியம் முழுவதும் அழிந்துவிடாது. நம்பக்கூடிய பகுதியை இரு தரப்பும் எடுத்துக்கொள்ளலாம். ஒரு பொய்யால் மொத்தத்தையும் தள்ளும் விதியும் இங்கே இல்லை. மணியும் பதரும் பிரிக்க முடியாதபடி கலந்திருந்தால் மட்டுமே முழுதும் தள்ளப்படும்.

மார்ச் 10, திங்கள்

வி.ஏ.ஓ.விடம் (கிராம நிர்வாக அலுவலரிடம்) ஒப்புதல் வாக்குமூலம். போலீசிடம் தந்த ஒப்புதல் செல்லாது என்பதால் இந்த வழி. எதிரிக்கு அவரை முன்பே தெரியுமா? தலைமறைவாக இருந்தவர் ஏன் அவரைத் தேடிப் போனார்? அவரே கைது மகஜருக்கும் கைப்பற்றல் மகஜருக்கும் சாட்சியா? மூன்றுக்கும் திருப்தியான பதில் இல்லையென்றால், பலவீனமான இந்தச் சான்றின் மேல் ஆயுள் தண்டனையை நிறுத்தக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

ஆயுதம் கைப்பற்றியதில் பழைய இந்திய சாட்சியச் சட்டத்தின் பிரிவு 27 (இப்போது பாரதிய சாட்சிய அதினியம் பிரிவு 23). “கத்தியைக் கூரையில் ஒளித்து வைத்திருக்கிறேன், எடுத்துத் தருகிறேன்” என்பது செல்லும். “அதால்தான் குத்தினேன்” செல்லாது. பிரிட்டிஷ் ஆட்சிக்கால உச்ச மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் 1946-இல் புலுகூரி கோட்டையா வழக்கில் போட்ட கோடு இது. ஆகவே கத்தியைக் கொலையோடு இணைக்கத் தனிச் சான்று தேவை. ரத்தவியல் அறிக்கை “மனித ரத்தம்” என்பதோடு நின்று, ரத்த வகையைச் சொல்லவில்லையென்றால் அந்த இணைப்பு மெலிந்துதான் இருக்கும்.

மார்ச் 11, செவ்வாய்

சூழ்நிலைச் சான்று மட்டுமே உள்ள வழக்குக்கு சரத் பிர்திசந்த் சார்தா தீர்ப்பு (1984). பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 313-ஆம் பிரிவின்படி நீதிமன்றம் எதிரியிடம் கேட்ட கேள்விகளை ஒவ்வொன்றாகச் சரிபார்க்கவும்: எதிரியிடம் கேட்காத சூழ்நிலையை அவருக்கு எதிராகப் பயன்படுத்தக் கூடாது. அவர் சொன்ன விளக்கம் பொய் என்பது, அறுந்த சங்கிலிக்குக் கண்ணியும் ஆகாது. விசாரணை நீதிமன்றத் தீர்ப்பு அந்தப் பொய்யின் மேலேயே நிற்கிறதென்றால், மேல்முறையீட்டு மனுவில் முதல் காரணமாக அதை எழுதலாம்.