நீலத்தாடியோட சாவி

பிரெஞ்சு எழுத்தாளர் சார்ல் பெரோ 1697-ல எழுதின நீலத்தாடி கதைய நிறைய பேரு ஒரே வரில முடிச்சிடுவாங்க, பொண்டாட்டிங்கள கொல்ற நீலத்தாடிக்கார பணக்காரன், திறக்காதன்னு சொன்ன ரூம திறந்துட்ட புதுப்பொண்டாட்டி, அவ்ளோதான்னு. எனக்கு இந்த கதைல அந்த ரூம விட சாவிதான் பயங்கரம். தரையெல்லாம் உறைஞ்சு கிடக்கற ரத்தம், சுவத்தோரமா இருக்கற பழைய மனைவிகளோட உடம்புங்க அந்த ரத்தத்துலயே தெரியுது, அத பாத்து கை நடுங்கி சாவிய கீழ போட்டுடறா. எடுத்து தொடைக்கறா, கழுவறா, மண்ணு போட்டு தேய்க்கறா, ஒரு பக்கம் கறை போனா மறுபக்கம் வந்து நிக்குது. குறைஞ்சது ஆறு வாரம் ஆகும்னு கிளம்பின புருஷன் அன்னிக்கு சாயங்காலமே திரும்பி வந்துடறான். கொலை பண்ணது அவன், ஆனா மாட்டிக்கறது இவ!

இவ்ளோத்தையும் எழுதிட்டு பெரோ கடைசில செய்யுள்ல ஒரு நீதி வைக்கறாரு, பொண்ணுங்களுக்கு இந்த எட்டிப்பாக்கற ஆர்வம் ஆகாது, பின்னாடி வருத்தப்பட வைக்கும்னு. அந்த நீதிய என்னால ஏத்துக்கவே முடியல. வீட்டுக்குள்ள பொணங்க இருக்கும்போது பாக்கக்கூடாதுன்னா என்ன அர்த்தம்? அதனால இந்த கதைய யாரு படமாவோ ஆபராவாவோ (பாட்டாவே நடக்கற மேற்கத்திய இசை நாடகம்) பண்ணாலும் நான் முதல்ல பாக்கறது ஒண்ணுதான், பழிய யாரு தலைல போடறாங்க, அவள யாரு காப்பாத்தறாங்க. பெரோ கதைல அண்ணன் தம்பி ரெண்டு பேரு குதிரைல வந்து புருஷன வெட்டிப்போடறாங்க. அதுக்குள்ள இவ, கொல்ல வர்ற புருஷன்கிட்ட பிரார்த்தனை பண்ணணும்னு சொல்லி கொஞ்சம் நேரம் வாங்கி, மேல கோபுரத்துல நிக்கற அக்கா ஆன்கிட்ட யாராவது வராங்களானு கேட்டுக்கிட்டே இருப்பா, தூரத்துல புழுதி கிளம்பும், பாத்தா ஆட்டு மந்தை. அந்த இடம் எத்தனை தடவ படிச்சாலும் வயித்த பிசையுது.

சினிமா ரொம்ப சீக்கிரமே இந்த கதைய பிடிச்சிக்கிச்சு, ஜார்ஜ் மெலியே 1901-லயே எடுத்துட்டாரு. ஆனா அதுல ட்ரிக் ஷாட்டோட கொண்டாட்டம்தான் அதிகம், மனசுல நிக்கல.

மனசுல நின்னது ஹங்கேரி இசையமைப்பாளர் பேலா பார்டோக்கோட ஆபரா, 'நீலத்தாடியோட கோட்டை'. 1911-ல எழுதி போட்டிக்கு அனுப்பினாரு, நிராகரிச்சிட்டாங்க, 1918-லதான் புடாபெஸ்ட்ல மேடையேறிச்சு. ஒரு மணி நேரம், பாடறவங்க ரெண்டே பேரு, நீலத்தாடியும் அவனோட புதுப்பொண்டாட்டி யூதித்தும். பாட்டு வரிகள எழுதின பேலா பாலாஷ் ஒரு ரூம ஏழு கதவா மாத்திட்டாரு. சித்திரவதைக்கூடம், ஆயுதம், பொக்கிஷம், தோட்டம்னு ஒவ்வொண்ணா திறக்கறா, எங்க பாத்தாலும் ரத்தம், அப்பல்லாம் இசைல ரெண்டு சுரம் பக்கத்துல பக்கத்துல உரசிக்கிட்டு காதுல ஒரு முள்ளு மாதிரி குத்தும். அஞ்சாவது கதவு திறந்ததும் அவனோட ராஜ்ஜியம் முழுசும் தெரியும், ஆர்கனோட சேர்ந்து மொத்த ஆர்கெஸ்ட்ராவும் ஸி மேஜர்ங்கற பளீர்னு ஒலிக்கற சுரக்கூட்டுல வெடிக்கும் பாருங்க, ஹெட்ஃபோன் போட்டு கேளுங்க, உடம்பு சிலிர்க்கும். அதுக்கப்புறம் ஆறாவதுல கண்ணீர் ஏரி. ஏழாவதுல பழைய மனைவிங்க மூணு பேரு, உயிரோட. விடியல், மதியம், சாயங்காலம்னு அவங்க ஒவ்வொருத்தரும் ஒரு பொழுது, யூதித் ராத்திரியாகி அவங்களோட உள்ள போயிடறா, அவன் இருட்டுல தனியா நிக்கறான். இங்க பழிய விட அவனோட தனிமைதான் பெருசா தெரியுது, அது எனக்கு கொஞ்சம் உறுத்தல்தான், ஆனாலும் அந்த இசை முன்னாடி நான் தோத்துப்போறேன்.

அதே உறுத்தல் ஜெர்மன் நடன இயக்குநர் பினா பௌஷுக்கும் இருந்திருக்குமோனு தோணும். 1977-ல வுப்பர்டால்ல அவங்க பண்ண நடன நாடகத்துல மேடை பூரா காஞ்ச இலை, நடுவுல ஒரு டேப் ரெக்கார்டர், அதுல பார்டோக் ஆபரா ஓடும். நீலத்தாடியா வர்ற ஆம்பள அத நிறுத்துவான், பின்னாடி ஓட்டுவான், திரும்ப போடுவான், அதே வரி அதே வன்முறை திரும்பத்திரும்ப. அழகான இசைய கேட்டுட்டு கண்ண மூடிக்க விடாது அது.

இங்கிலாந்து எழுத்தாளர் ஏஞ்சலா கார்ட்டர் இந்த கதைய மாத்தி 1979-ல எழுதின சிறுகதைல அண்ணன் தம்பிங்கள தூக்கிட்டு அம்மாவ கொண்டு வராங்க. வெள்ளைக்காரங்க ஆண்ட வியட்நாம்ல புலிய சுட்ட அம்மா, குதிரைல வந்து மருமகன் நெத்தில ஒரே குண்டு. கைதட்டத்தான் தோணுது.

ஜேன் கேம்பியனோட 'தி பியானோ' (1993) நேரடி தழுவல் கிடையாது, ஆனா எனக்கு பிடிச்சது அதுல வர்ற ஒரு காட்சி. 19-ம் நூற்றாண்டு நியூசிலாந்து, வெள்ளைக்காரங்க திரைக்கு பின்னாடி நிழலா நீலத்தாடி நாடகம் போடறாங்க, கோடாலிய ஓங்கற நேரத்துல பாத்துக்கிட்டிருந்த மவோரி ஆளுங்க (அந்த ஊரு பூர்வகுடிங்க) அந்த பொண்ண காப்பாத்த மேடைக்கே பாய்ஞ்சிடறாங்க. விவரம் தெரியாதவங்கனு சிரிச்சிட்டு போற காட்சி மாதிரி இருக்கும். ஆனா கொஞ்ச நேரத்துல நாயகியோட புருஷன் நிஜமாவே கோடாலிய எடுத்து அவ விரல வெட்டறான், அப்ப ஓடி வர யாரும் இல்ல. அந்த நாடகத்த சரியா பாத்தவங்க அந்த மவோரிங்க மட்டும்தான்.

கத்தரீன் ப்ரெய்யா 2009-ல எடுத்த படத்துல ரெண்டு சின்ன பொண்ணுங்க பரண்ல உக்காந்து இந்த கதைய படிக்கறாங்க, பயப்படறது அக்கா, வேணும்னே விடாம படிக்கறது தங்கச்சி. கதைக்குள்ள அந்த ரூம் வரும்போது நாயகிக்கு பதிலா படிச்சிட்டிருந்த சின்னவளே வெறுங்கால்ல ரத்தத்துல நடந்து போறா. கதை படிக்கற குழந்தை எங்க நிக்குதுனு இத விட நேரா யாரும் காட்டி நான் பாக்கல.

ஜெர்மன் நாட்டுப்புறக் கதைகள தொகுத்த க்ரிம் சகோதரர்கள் 1812 பதிப்புல நீலத்தாடிய வெச்சிருந்தாங்க, அடுத்த பதிப்புல எடுத்துட்டாங்க. ஆனா அவங்ககிட்ட இதே வம்சத்துல இன்னொரு கதை இருக்கு, ஃபிட்சரோட பறவை. சாவியோட ஒரு முட்டையும் குடுத்துட்டு போவான் மந்திரவாதி, ரெண்டு அக்காங்க முட்டைல ரத்தம் பட்டு மாட்டிக்குவாங்க. மூணாவது பொண்ணு முட்டைய பத்திரமா ஒரு ஓரமா வெச்சிட்டு அப்புறம்தான் கதவையே திறக்கறா, துண்டாக்கின அக்காங்கள ஒண்ணா சேத்து உயிர் குடுக்கறா, தங்கம் நிறைச்ச கூடையோட அடில அவங்கள ஒளிச்சு அவன் முதுகுலயே ஏத்தி வீட்டுக்கு அனுப்பறா, அப்புறம் உடம்பெல்லாம் தேன் பூசி மெத்தைய கிழிச்சு இறக ஒட்டிக்கிட்டு பறவையா அவன் கண்ணு முன்னாடியே நடந்து போயிடறா. அவளும் பாத்தா, எல்லாத்தையும் பாத்தா, அந்த கதைல யாரும் அவள திட்டல. இத ஒரு நல்ல டைரக்டர் முழுநீள படமா எடுத்தா முதல் நாள் முதல் ஷோ போயி உக்காருவேன், அந்த தேன் பூசற காட்சிக்காகவே.