கூந்தன்குளத்து நாரையும் பெர்லின் காக்கையும்

பிப்ரவரி 8

தம்பி எடுக்கிற குறும்படத்துக்குப் பறவைச் சத்தம் வேண்டும் என்றான், விடியும் முன்னே கூந்தன்குளம் போய்விட்டேன். அங்கே வீட்டு வாசல் மரத்தில்கூட மஞ்சள் மூக்கு நாரை கூடு கட்டும். பறவைகள் மிரளக் கூடாதென்று தீபாவளிக்கும் வெடி போடாத ஊர். ஆனால் வளர்ந்த நாரைக்குக் குரல் என்று பெரிதாக எதுவும் கிடையாது, அலகைத் தட்டுவதோடு சரி. கத்துவதெல்லாம் குஞ்சுகள். மைக்கில் ஏறியதில் பாதி காற்று, மீதி பஸ் ஹாரன்.

பிப்ரவரி 9

ராத்திரி ஹெட்போனில் அதைக் கேட்கும்போது ஆஸ்கார் சாலா ஞாபகம். ஹிட்ச்காக்கின் ‘தி பேர்ட்ஸ்’ (1963) பார்த்தவர்களுக்குக் காக்கைக் கூட்டம் மறக்காது, இவர் பெயர்தான் தெரியாது. அந்தப் படத்தில் வழக்கமான பின்னணி இசையே இல்லை; பறவைச் சத்தத்தில் பெரும்பகுதி சாலாவும் ரெமி காஸ்மனும் பெர்லினில் மின்கருவியில் உண்டாக்கியது. பெர்னார்ட் ஹெர்மன் போன்ற பெரிய இசையமைப்பாளர் அதில் ஒலி ஆலோசகர் மட்டும்!

கருவியின் பெயர் டிராட்டோனியம். 1930-ல் டிராட்வைன் என்பவர் செய்தது. பியானோ மாதிரி கட்டைகள் இல்லை, உலோகப் பட்டைக்கு மேலே ஒரு கம்பி, அவ்வளவுதான். விரல் அழுத்துகிற இடம் சுருதி, அழுத்துகிற பலம் சத்தத்தின் அளவு, விரலை இழுத்தால் சுருதி வழுக்கிக்கொண்டே போகும், கிறீச்சென்ற பறவைக் குரலுக்கு வேறென்ன வேண்டும். ஜெர்மன் இசையமைப்பாளர் ஹிண்டமித்திடம் இசை படித்த சாலா, அப்புறம் இயற்பியலும் படித்து, 1952-ல் தன் கையாலேயே அதைப் பெரிதாக்கினார். ஒரு சுருதியை இரண்டால், மூன்றால் வகுத்தால் வரும் கீழ்ச்சுருதிகளும் அதில் சேர்ந்து ஒலிக்கும்.

பிப்ரவரி 11

மைக்செட் அண்ணாச்சியிடம் இதைச் சொன்னேன்.

“நெசப் பறவ கெடக்கும்போது அவரு எதுக்குடே கம்பியப் போட்டு நெருடணும்?”

“டைரக்டர் கேக்குற கோவத்துல அது கத்தாதுல்லா அண்ணாச்சி.”

“சம்பளமும் கேக்காதுல்லா!”

பிப்ரவரி 14

சாலா விளம்பரம், தொழிற்சாலைப் படம் என்று வந்த வேலையெல்லாம் செய்தார். 2002-ல், 91 வயதில் காலமானார். கருவி இப்போது மியூனிக் அருங்காட்சியகத்துக்குச் சொந்தம். பல்லாண்டுகள் அதை வாசித்தவர் அநேகமாக அவர் ஒருவர்தான். எனக்கு இதில் கொஞ்சம் கோபம். அண்ணாச்சியிடம் ஆம்ப்ளிபயர் பிரிக்கப் பழகிய பையன்கள் பாளையங்கோட்டையில் தனிக்கடையே போட்டாயிற்று, அந்தக் கொடுப்பினை சாலாவுக்கு வாய்க்கவில்லை.